விளையாட்டின் மேலேயே பழி போடுவது ஏன்?

கொஞ்சம் நீளமான பதிவு. பொறுமையாகப் படியுங்கள்.

கைப்பேசியில் வரும் தொடர்கதைகளில் இப்போது ஒரு வகை பெருகிவிட்டது. காதலன் ஏமாற்றிவிடுகிறான். தூக்கமில்லாமல் கிடக்கும் பெண்ணை யாரோ ஓர் இணைய விளையாட்டுக்கு அழைக்கிறார்கள். கட்டளை மேல் கட்டளை வந்து, கடைசியில் அது உயிரையே கேட்கிறது. என் பேத்தியும் அவள் தோழிகளும் விழுந்து விழுந்து படிக்கிறார்கள். படிக்கட்டும். எனக்குக் கோபம் எழுதுகிறவர்கள் மேல்தான். மூன்றாம் அத்தியாயத்தோடு அந்தக் காதலன் காணாமல் போகிறான். மீதிக் கதை முழுவதும் முகம் தெரியாத ஒருவனைத் துரத்துகிறார்கள். அவள் நம்பிச் சொன்னதை நாலு பேருக்குக் காட்டிச் சிரித்தவனை யாரும் ஒரு கேள்வி கேட்பதில்லை!

கதைதானே என்று விட முடியவில்லை. 'புளூவேல்' நினைவிருக்கிறதா? ரஷ்யாவில் 2016இல் ஒரு பத்திரிகைக் கட்டுரையிலிருந்து பரவிய செய்தி. 2017இல் நம் ஊருக்கும் வந்தது. உயர் நீதிமன்ற மதுரைக் கிளை தானாக முன்வந்து வழக்கை எடுத்தது. பெற்றோர் பிள்ளைகளின் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்கள், திமிங்கலம் இருக்கிறதா என்று. பிறகு மத்திய அரசு ஒரு குழு அமைத்து, இறந்த பிள்ளைகளின் இணையப் பயன்பாடு, அழைப்புப் பதிவு எல்லாம் ஆராய்ந்தது. எந்தச் சம்பவத்திலும் அந்த விளையாட்டின் பங்கு உறுதியாகவில்லை என்று 2018 ஜனவரியில் நாடாளுமன்றத்தில் பதில் சொன்னார்கள். வதந்தியை எல்லாக் குழுவுக்கும் அனுப்பிய நம்மவர்களில் எத்தனை பேர் இந்தப் பதிலை அனுப்பினீர்கள்? கையைப் பார்த்தவர்கள், "ஏன்டா ஒரு மாதிரி இருக்கே?" என்று கேட்டிருந்தால் சில பிள்ளைகள் வாய் திறந்திருப்பார்கள்.

இணையத்தில் கெட்டவர்கள் இல்லை என்று நான் சொல்ல வரவில்லை. ரஷ்யாவில் அப்படிக் குழு நடத்திய ஒருவனுக்குச் சிறைத் தண்டனையே கிடைத்தது. ஆனால் வீட்டில் பேச ஆளிருக்கும் பிள்ளையை அவனால் அவ்வளவு சுலபமாக இழுக்க முடியுமா?

பிரெஞ்சுக்காரர் லாக்லோ 1782இல் 'ஆபத்தான உறவுகள்' என்ற நாவலை வெளியிட்டார். முழுக்கக் கடிதங்கள். பழைய காதலர் இருவர் சேர்ந்து, அடுத்தவர் மனதை வைத்துப் பந்தயம் ஆடுகிறார்கள். கான்வென்டிலிருந்து வீடு திரும்பிய பதினைந்து வயதுப் பெண்ணும் அதில் சிக்குகிறாள். இணையமா, மின்சாரமே இல்லாத காலம்! ஆட்டத்தை நடத்தும் சீமாட்டி யார் தெரியுமா? அந்தப் பெண்ணுடைய அம்மாவின் உறவுக்காரி, வீட்டுக்கு வந்து போகிறவள். வயிற்றைக் கலக்குவது அதுதான். நம் கதாசிரியர்கள் அந்த இடத்தைத் தொடப் பயந்து முகமூடியின் பின்னால் ஒளிகிறார்கள்.

என் மாணவர்களில் கதை எழுதுகிறவர்கள் சிலர் இருக்கிறீர்கள். அடுத்த அத்தியாயத்தில் அந்தக் காதலனைத் திரும்பக் கூட்டி வாருங்கள். "உன் மேல்தான் தப்பு" என்று அவளிடம் சொன்ன வீட்டுப் பெரியவர்களையும் உட்கார வையுங்கள்.

இதைப் படிக்கும் யாருக்காவது மனம் தாங்கவில்லை என்றால், 14416, அரசின் டெலி மானஸ் எண். நடுராத்திரியிலும் தமிழில் பேசுவார்கள். எனக்கும் போன் பண்ணலாம்.