அனத்தோத்து நிலமும் அனலைதீவு வளவும்

பாபிலோனியப் படை எருசலேமை முற்றுகையிட்டிருந்த வேளையில், காவல்கூட முற்றத்தில் அடைபட்டிருந்த இறைவாக்கினர் எரேமியா ஒரு காணி வாங்கினார். தந்தையின் உடன்பிறந்தார் மகனான அனமேல், அனத்தோத்து நிலத்தை விற்க அவரைத் தேடி வந்தான். உறவினர் என்ற முறையில் அதை மீட்கும் உரிமை அவருக்கே இருந்தது. பதினேழு செக்கேல் வெள்ளியை நிறுத்துக் கொடுத்து, சாட்சிகள் முன்னிலையில் உறுதி முடித்து, அதை மண்பாண்டத்தில் பேணிவைக்கும்படி பாரூக்கிடம் ஒப்படைத்தார் (எரே 32). நாடே பகைவன் கைக்குப் போகும் நேரத்தில் நிலத்துக்கு விலை கொடுப்பாரும் உண்டோ?

தீவகத்தார்க்கு இப்பகுதியை நாம் விளக்க வேண்டியதில்லை. 1990 ஆகஸ்டில் இராணுவம் ஊர்காவற்றுறையைக் கைப்பற்றியபோது குடாநாட்டுக்கு ஓடிவந்தவர்களுள் பலர், 1995 ஒக்டோபர் 30இல் வலிகாமத்தாரோடு சேர்ந்து மீண்டும் ஓடினர். 2006 ஆகஸ்ட் 13 அன்று அல்லைப்பிட்டி புனித பிலிப்பு நேரியார் ஆலயத்தில் தஞ்சம் புகுந்திருந்தோர் எறிகணைக்கு இரையாயினர். அம்மக்களின் பங்குத்தந்தை ஜிம்பிறவுண் அடிகளார் அதே மாதம் 20ஆம் நாள் காணாமற்போனார்; இன்றுவரை திரும்பவில்லை. இத்தனை ஓட்டத்திலும் தாலிக்கொடியை விற்ற குடும்பங்கள்கூட உறுதிப் பையைக் கைவிடவில்லை.

திரும்பி வந்தோரை எதிர்கொண்டவை தூர்ந்த கிணறும், இடம் மாறிய கதியால் வேலியுமே. நன்னீர் அரிதான தீவில் ஒரு கிணற்றை மீட்பது ஒரு வீட்டைக் கட்டுவதற்கு ஒப்பாகும். இந்திய வீடமைப்புத் திட்டம் வீடொன்றுக்கு ஐந்தரை இலட்சம் ரூபாய் வழங்கியது. ஆனால் பிரிபடாத பங்குக் காணியில் குடியிருப்பவர் எந்த உறுதியைக் காட்டுவார்? உடன்பிறந்தார் ஒருவர் ரொறன்ரோவில், இன்னொருவர் இலண்டனில். ஓர் அற்றோணித் தத்துவத்துக்குக் கையொப்பம் கேட்டால் மறுமொழி இல்லை.

போரால் காணியை விட்டகன்றோர்க்கு எதிராகப் பத்தாண்டு ஆட்சிக் கணக்கு ஓடாதவாறு, 2016இன் 5ஆம் இலக்கச் சட்டம் ஏற்பாடு செய்தது. அது நீதியே. எனினும் அது காத்தது ஊரைவிட்டுப் போனவரின் உரிமையை. ஊரில் இருப்பவரின் தேவையை யார் காப்பார்? பங்குக் காணியை விற்பதாயின் முதலில் பங்காளியைக் கேட்க வேண்டும் என்பது நம் தேசவழமை. அனமேலும் அதைத்தான் செய்தான். இன்றோ காணி பிறத்தியாருக்கு விலைபேசப்பட்ட பின்னரே தங்கைக்குச் செய்தி வருகிறது!

திருநாளுக்கு வெளிநாட்டிலிருந்து வருவோர் ஆலயக் கோபுரத்துக்கு வர்ணம் பூசப் பணம் தருகின்றனர். நன்று. அதே பயணத்தில் நொத்தாரிசின் வீட்டுப் படியையும் ஒருமுறை மிதிக்கட்டும். உறுதிப் பையோடு தங்கை அங்கே காத்திருக்கிறாள்.