வன்னித் தாய்மாருக்குத் தத்துவம் தெரியாதாம்!

கனடாவில் வாழும் இளம் நண்பர் ஒருவர் ஆங்கிலக் கட்டுரையொன்றைத் தமிழாக்கம் செய்து கொண்டிருக்கிறார். இடையில் ஒரு சொல் அவரை மறித்துவிட்டது. ஐயம் தீர்க்கும்படி எனக்கு மின்னஞ்சல் அனுப்பியிருந்தார். கட்டுரை, போருக்குப் பிந்திய வன்னியைப் பற்றியது. எழுதியவர் நம்மவர்தான்; நிரம்பப் படித்தவர்; பெயர் இங்கே வேண்டாம். கிளிநொச்சியில் வீதியோரக் கொட்டகையில் பிள்ளைகளின் படங்களை மடியில் வைத்துக்கொண்டு அமர்ந்திருக்கும் தாய்மாரை அவர் 'அன்ஃபிலொசொஃபிக்கல்' என்று வர்ணித்திருக்கிறார். என் நண்பர் அதற்குத் 'தத்துவச் சிந்தனையற்றவர்கள்' என்று எழுதிவிட்டு, மனம் ஒப்பாமல், "ஐயா, இது சரிதானா?" என்று கேட்கிறார்.

செய்தி மேசையில் இருந்த காலத்தில் இத்தகைய கேள்விகளுக்கு ஒரே வரியில் பதில் சொல்லிப் பழகியவன் நான். அச்சுக்குப் போக அரை மணி நேரம் இருக்கையில் சொல்லாராய்ச்சி செய்ய எவருக்கு முடியும்? ஆனால் இந்தச் சொல்லை அப்படித் தள்ளிவிட மனம் வரவில்லை. இதன் அடியில் ஒரு சூது இருக்கிறது.

அந்த ஆங்கிலச் சொல்லுக்குப் பொருள் ஒன்றல்ல. பழைய பொருளை முதலில் பார்ப்போம். இயற்கை விஞ்ஞானத்தையும் 'ஃபிலொசொஃபி' என்றே அழைத்த காலம் ஒன்று இருந்தது. நியூட்டன் 1687இல் வெளியிட்ட பெருநூலின் பெயரே 'இயற்கை மெய்யியலின் கணிதத் தத்துவங்கள்' என்பதுதான். அவர் தமது ஒளியியல் நூலின் இறுதி வினாவில், இவ்வுலகம் வெறும் குழப்பத்திலிருந்து இயற்கை விதிகளால் மட்டும் தானாகவே தோன்றியிருக்கக்கூடும் என்று பேசுவதைக் கண்டிக்கும் இடத்தில் இந்தச் சொல்லைத்தான் கையாளுகிறார். அவருடைய முடிவு இன்று எமக்கு ஏற்புடையதா என்பது வேறு விடயம். முறையான நியாயத்துக்கு ஒவ்வாத பேச்சு என்பதே அங்கு அச்சொல்லின் பொருள். ஒரு கூற்றைப் பற்றிய தீர்ப்பு அது. மனிதரைப் பற்றியது அல்ல.

இரண்டாவது பொருள் மனிதரைப் பற்றியது. நுண்பொருட் சிந்தனையில் நாட்டமில்லாதவர், கண்முன் கிடப்பதற்கு அப்பால் யோசியாதவர் என்று பொருள்படும். என் நண்பர் பெயர்த்தெழுதியது இதைத்தான்.

மூன்றாவது, ஆங்கிலேயரின் அன்றாடப் பேச்சில் வழங்குவது. ஒருவருக்குத் தொழில் போய்விட்டது, அல்லது காற்பந்தாட்டத்தில் அவருடைய அணி தோற்றுவிட்டது. அவர் சிரித்துக்கொண்டு தோளைக் குலுக்கினால், அதைத் 'தத்துவார்த்தமாக' எடுத்துக்கொண்டார் என்பார்கள். இழப்பை அமைதியாக ஏற்றுக்கொள்வதே தத்துவம் என்ற இந்த எண்ணம் பழைய ஸ்டொயிக்கு ஞானிகளின் வழியே வந்து சேர்ந்தது. அந்த அமைதி வாய்க்காதவர் 'அன்ஃபிலொசொஃபிக்கல்' ஆகிவிடுகிறார்.

கட்டுரையாளர் கருதியது மூன்றாவது பொருளையே என்பது வரிகளைப் படிக்கும் எவருக்கும் விளங்கும். பதினைந்து ஆண்டுகளுக்கு மேலாகியும் இந்தத் தாய்மார் ஆறுதலடைய மறுக்கிறார்களே என்பதுதான் அவருடைய குறை. ஆனால் அதைச் சொல்ல அவர் தேர்ந்த சொல், இரண்டாவது பொருளின் இழிவையும் கூடவே இழுத்துக்கொண்டு வருகிறது. 'ஆறவில்லை' என்று சொன்னால் வாசகன் இரங்குவான். 'சிந்திக்கத் தெரியவில்லை' என்று சொன்னால் வாசகன் அவர்களைக் கடந்து போய்விடுவான். சூது என்று நான் சொன்னது இதைத்தான்.

சரி, இந்தத் தாய்மார் செய்தது என்ன? 2009 மே மாதத்தில் முள்ளிவாய்க்காலிலிருந்து வட்டுவாகல் பாலத்தைக் கடந்து வந்தபோது, கணவரையும் பிள்ளைகளையும் தம் கையாலேயே இராணுவத்திடம் ஒப்படைத்தவர்கள் இவர்களுள் பலர். விசாரித்துவிட்டு விடுவோம் என்ற உறுதிமொழியை நம்பிச் செய்தார்கள். அதன்பின் செட்டிகுளம் மெனிக்பாம் முகாமின் முட்கம்பிக்குள் அடைபட்டார்கள். 2010இல் கற்றுக்கொண்ட பாடங்களுக்கும் நல்லிணக்கத்துக்குமான ஆணைக்குழு கிளிநொச்சிக்கு வந்தபோது வரிசையில் நின்று சாட்சியம் சொன்னார்கள். 2014 ஜனவரியில் பரணகம ஆணைக்குழு வந்தபோதும் அதையே சொன்னார்கள். வவுனியாவில் 2017 ஜனவரியில் உண்ணாவிரதம் இருந்தார்கள். வாக்குறுதி கிடைத்தது, பலன் கிடைக்கவில்லை. 2017 பெப்ரவரி 20இல் கிளிநொச்சிக் கந்தசுவாமி கோவில் முன்றலிலும், 24இல் வவுனியாவிலும், மார்ச் 8இல் முல்லைத்தீவு மாவட்டச் செயலகத்தின் முன்பாகவும் அமர்ந்தார்கள். பதில் கிடைக்காமலேயே கண்மூடிய பெற்றோரின் தொகை நூறைத் தாண்டிவிட்டதென உறவினர்கள் சொல்லி ஆண்டுகள் சிலவாகிவிட்டன.

இவர்கள் யோசியாதவர்களா? இவர்கள் தங்களுக்கு வைத்துக்கொண்ட பெயரை மட்டும் பாருங்கள். அரசு 2016ஆம் ஆண்டின் 14ஆம் இலக்கச் சட்டத்தின் மூலம் நிறுவிய அலுவலகத்தின் பெயர் 'காணாமற்போன ஆட்கள்' பற்றியது. இத்தாய்மார் அந்தச் சொல்லை ஏற்கவில்லை. 'வலிந்து காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவினர்கள்' என்றே தம்மைச் சொல்லிக்கொள்கிறார்கள். போனது என்றால் தானாகப் போனது. ஆடு போகும், மாடு போகும், சாவிக்கொத்து போகும். ஆக்கப்பட்டது என்றால் ஆக்கியவன் ஒருவன் இருந்தாக வேண்டும். தன்வினைக்கும் பிறவினைக்கும் உள்ள இந்த வேறுபாட்டைப் பள்ளிக்கூடத்தில் இலக்கண ஆசிரியர் எங்களுக்கு அடித்துப் படிப்பித்தார். நாங்களோ பத்திரிகையில் ஆண்டுக்கணக்காகக் 'காணாமற்போனோர்' என்றே தலைப்பிட்டு வந்தோம். எங்களைத் திருத்தியவர்கள் அந்தக் கொட்டகைப் பெண்கள்.

இதில் தத்துவம் இல்லையா? சைவசித்தாந்தத்தின் தலைநூலாகிய சிவஞானபோதம் பன்னிரண்டு சூத்திரங்களைக் கொண்டது. அதன் முதற் சூத்திரம் எங்கிருந்து தொடங்குகிறது? தோன்றி நின்று மறையும் உலகத்தைக் காட்டி, இத்தொழிற்பாடு நிகழ்வதற்கு ஒரு கருத்தா இருந்தாக வேண்டும் என்று நிறுவுவதில் தொடங்குகிறது. செயல் உண்டெனில் செய்தவன் உண்டு. மெய்கண்டார் கடவுளை நிறுவக் கையாண்ட அதே வாய்ப்பாட்டைத்தான் முல்லைத்தீவுத் தாய் மாவட்டச் செயலக வாசலில் கையாளுகிறாள். அவள் தேடும் கருத்தா சீருடை அணிந்தவன் என்பது மட்டுமே வேறுபாடு.

இனி மறுபக்கத்தைப் பார்ப்போம். 2020 ஜனவரியில் அப்போதைய ஜனாதிபதி கோத்தபாய ராஜபக்ச, ஐக்கிய நாடுகளின் கொழும்புப் பிரதிநிதியைச் சந்தித்தபோது, காணாமற்போனவர்கள் உண்மையில் இறந்துவிட்டார்கள் என்றும், விசாரணைக்குப் பின் மரணச் சான்றிதழ் வழங்கப்படும் என்றும் தெரிவித்ததாகச் செய்தி வெளியாகியது. எப்போது இறந்தார்கள், எங்கே, எவர் காவலில், எவ்வாறு? அதற்குப் பதில் இல்லை. முதலில் முடிவு, பிறகு விசாரணை! எங்கள் நாட்டில் உயர்தர வகுப்பில் 'அளவையியலும் விஞ்ஞானமுறையும்' என்றொரு பாடம் இருக்கிறது. எடுகூற்று இல்லாமல் முடிவை எழுதும் மாணவனுக்கு அதில் புள்ளி கிடைக்காது. நியூட்டன் கண்டித்த பொருளில் 'அன்ஃபிலொசொஃபிக்கல்' என்ற சொல்லுக்கு இதைவிடப் பொருத்தமான உதாரணத்தை நான் அறியேன். கட்டுரையாளர் ஏனோ அச்சொல்லை அந்தத் திசையில் வீசவில்லை.

2022 மார்ச்சில் குடும்பமொன்றுக்கு ஒரு இலட்சம் ரூபா வழங்க அமைச்சரவை தீர்மானித்தது. பின்னர் அத்தொகை இரண்டு இலட்சமாக உயர்த்தப்பட்டது. பணத்தை வாங்கியவர்களைக் குறைகூற எனக்கு வாயில்லை. பட்டினி எவர் வீட்டிலும் தத்துவம் பேசுவதில்லை. ஆனால் வீதியில் அமர்ந்திருந்தவர்கள் வேண்டாம் என்றபோது, 'யதார்த்தம் புரியாதவர்கள்' என்று கொழும்பிலும் புலம்பெயர் நாடுகளிலும் சிலர் முணுமுணுத்தார்கள். கேட்டது பிள்ளையை, நீட்டியது ரூபாயை. இங்கே எதைப் புரிந்துகொள்ள வேண்டியிருக்கிறது?

தமிழகத்தார் தத்துவம் என்பதை நாம் மெய்யியல் என்கிறோம். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் துறையின் பெயரும் அதுவே. மெய் என்ற சொல்லுக்கு உண்மை என்றும் பொருள், உடல் என்றும் பொருள். வன்னியில் இந்த இரண்டையும் பிரித்தெடுக்க இயலாது. 2023 ஜூன் இறுதியில் கொக்குத்தொடுவாயில் நீர்க்குழாய் பதிப்பதற்காக நிலத்தைத் தோண்டியபோது மனித எலும்புகள் வெளிப்பட்டன. 2024இல் அகழ்வு முடிவுற்றபோது 52 பேரின் எச்சங்கள் எடுக்கப்பட்டிருந்தன. அந்தக் குழியருகே போய் நின்ற தாய்மாரின் நிலையை எண்ணிப் பாருங்கள். தன் பிள்ளை அங்கே இருக்கக்கூடாது என்ற வேண்டுதல் ஒருபுறம். எங்கே என்பது இன்றாவது தெரிந்துவிடாதா என்ற ஏக்கம் மறுபுறம். அறிதலுக்கும் நம்புதலுக்கும் இடையே உள்ள தூரத்தைப் பற்றிப் பல்கலைக்கழகங்களில் பாடம் நடத்துகிறார்கள். இவர்கள் அந்தத் தூரத்துக்குள் குடியிருக்கிறார்கள்.

'தத்துவமாக எடுத்துக்கொள்' என்று உபதேசிப்போர் போயத்தியசை நினைவூட்டுவதுண்டு. உரோம உயர்குடியாளர், அரச துரோகக் குற்றம் சுமத்தப்பட்டுச் சிறையில் கிடந்து, ஏறத்தாழ 524ஆம் ஆண்டளவில் கொல்லப்பட்டவர். அந்தச் சிறையில் எழுதிய நூல்தான் 'மெய்யியலின் ஆறுதல்'. மெய்யியல் ஒரு பெண்ணாக வந்து அவரைத் தேற்றுகிறாள். எல்லாம் சரி. ஆனால் நூலின் முதற் பாகத்தைப் பலர் படிப்பதில்லை போலும். அந்தப் பெண் முதலில் அவரிடம் புண்ணைத் திறந்து காட்டு என்கிறாள். அவரும் தம்மீது சுமத்தப்பட்ட பொய்க்குற்றங்களை விவரித்து, குற்றம் சாட்டியவர்களைப் பெயர் பெயராகச் சொல்லுகிறார். ஆறுதல் அதற்குப் பின்னர்தான் வருகிறது. கிளிநொச்சித் தாயும் பெயர்களைத்தான் கேட்கிறாள். அந்த முதற் பாகமே அவளுக்கு இன்னும் முடியவில்லை.

நம்மவர்கள் கணியன் பூங்குன்றனாரையும் விடுவதில்லை. ஆற்றுப் பெருக்கில் அகப்பட்ட புணைபோல உயிர் ஊழின்வழி செல்லும் என்ற புறநானூற்றுக் கருத்தை எடுத்து நீட்டி, பார்த்தீர்களா, எங்கள் முன்னோர் எவ்வளவு தத்துவார்த்தமானவர்கள் என்பார்கள். புலவர் தம் வாழ்வைப் பார்த்துச் சொன்ன தெளிவு அது. அதை அடுத்தவள் வீட்டு முற்றத்தில் நின்று அவளுக்குச் சொல்ல எவருக்கும் உரிமை கிடையாது. தன் துன்பத்தை ஊழ் என்பவன் ஞானி. பிறர் துன்பத்தை ஊழ் என்பவனை வன்னியில் வேறு பெயரால் அழைப்பார்கள். அதை இங்கே எழுத முடியாது.

வன்னி மக்களின் நெஞ்சுக்கு நெருக்கமானவள் யார் என்று கட்டுரையாளர் விசாரித்திருந்தால் அந்தச் சொல்லை எழுதத் தயங்கியிருப்பார். நந்திக்கடலோரம் இருக்கிறது வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் கோவில். முள்ளிவாய்க்காலிலிருந்து பார்த்தால் ஏரியின் மறுகரை. மதுரையை எரித்துவிட்டு வந்த கண்ணகி பத்தாவதாகத் தங்கிய இடமாதலால் 'பத்தாம்பளை' என்று பெயர் பெற்று, அதுவே வற்றாப்பளையாயிற்று என்பது ஐதீகம். வைகாசிப் பொங்கலுக்குக் கடல்நீரை எடுத்துவந்து அந்த உப்புநீரில் விளக்கெரிக்கிறார்கள். பல இலட்சம் மக்கள் திரளுகிறார்கள். யாரைக் கும்பிட? கணவனைக் கள்வன் என்று கொன்றுவிட்ட அரசனின் வாசலுக்குப் போய், கையில் சான்றுப்பொருளோடு நின்று வழக்குரைத்தவளை. விதி என்று கண்ணைத் துடைத்துக்கொண்டு சேரநாட்டுக்கு நடந்திருந்தால் அவள் தத்துவார்த்தமான பெண்ணாகியிருப்பாள். அவளுக்கு ஒரு கோவிலும் எழுந்திராது. முள்ளிவாய்க்கால் நினைவுநாளும் வற்றாப்பளைப் பொங்கலும் ஏறத்தாழ ஒரே பருவத்தில் வருகின்றன. கையில் படத்தோடு நிற்கும் அதே பெண்கள் நேர்த்திக்கடனோடு அங்கேயும் நிற்கிறார்கள்.

ஒன்றை ஒப்புக்கொள்ளாமல் விடுவது நேர்மையாகாது. நுண்பொருட் சிந்தனை குறைந்த சமூகம் என்ற குற்றச்சாட்டு நமக்கு முற்றிலும் பொருந்தாது என்று நான் வாதாட வரவில்லை. கேள்வி கேட்பது துரோகம் என்றிருந்த காலம் ஒன்று வன்னியில் இருந்தது. போரின் கடைசி ஆண்டுகளில் விடுதலைப் புலிகள் வீட்டுக்கொரு பிள்ளை என்று தொடங்கி அதற்கு மேலும் பிடித்துச் சென்றபோது, தாய்மார் அங்கேயும் போய் அழுது பிள்ளையைக் கேட்டார்கள். அன்று அவர்களைப் பார்த்துத் தத்துவம் பேசியவர்கள் வேறு ஆட்கள், பேச்சு ஒன்றுதான். 'இனத்துக்காகப் பொறுத்துக்கொள்' என்றார்கள். பத்திரிகைகளில் இருந்த நாங்கள் அதை எழுதவில்லை. எழுத முடியவில்லை என்று பிற்பாடு சொல்லிக்கொண்டோம். எழுத விரும்பவில்லை என்பதும் அதில் பாதி. ஆகையால் யோசியாத கூட்டம் எதுவென்று தேடுபவர் வீதியோரக் கொட்டகைக்குப் போக வேண்டியதில்லை. எங்கள் ஆசிரியபீடங்களில் தொடங்கலாம்.

கனடா நண்பருக்கு நான் எழுதிய பதில் இதுதான்: 'தத்துவச் சிந்தனையற்றவர்கள்' என்பதை வெட்டிவிடுங்கள். 'ஆறுதல் கொள்ள மறுப்பவர்கள்' என்று எழுதுங்கள், மூலத்துக்கும் துரோகமில்லை. கட்டுரையில் ஏழு இடங்களில் 'காணாமற்போன' என்று வருகிறது. கட்டுரையாளரிடம் அனுமதி கேட்டு ஏழையும் திருத்துங்கள். அனுமதி தர மறுத்தால் மொழிபெயர்ப்பாளர் என்ற இடத்தில் உங்கள் பெயரைப் போடாதீர்கள்.