கேட்டை மூடினால் அடி யாருக்கு?

2025 அக்டோபரில் பாகிஸ்தான் - ஆப்கானிஸ்தான் மோதல் வெடித்ததும் டோர்காம், சமன் எல்லைகள் மூடப்பட்டன. தோஹாவில் கத்தாரும் துருக்கியும் பேசிப் போர்நிறுத்தம் வந்தது. ஆனா, சரக்கு லாரிகளுக்கு கேட் திறக்கல.

விளைவு? பாகிஸ்தானில் தக்காளி கிலோ 600 ரூபாயைத் தொட்டது (அவங்க ரூபாயில்). எல்லையில் பழங்களும் காய்கறிகளும் லாரியிலேயே அழுகின.

'எங்களைத் தாக்கும் டிடிபி அமைப்புக்கு காபூல் இடம் கொடுக்குது' என்பது பாகிஸ்தானின் புகார். தாலிபான் மறுக்கிறது. புகார் சீரியஸானதுதான். ஆனா, பழ வியாபாரி வயித்துல அடிச்சா துப்பாக்கி ஓயுமா?

நவம்பரில் தாலிபான் துணைப் பிரதமர் முல்லா பரதர், 'வேற ரூட் பாருங்க' என வியாபாரிகளிடம் சொல்லிவிட்டார். ஈரான் வழி பழகிட்டா, அந்த கஸ்டமர் பாகிஸ்தானுக்குத் திரும்புவாரா? சண்டையைப் பேசித் தீருங்க; லாரியை விடுங்க.