டிரைவர் இல்லாத டாக்சி அடுத்து எங்கே?

தோழியரே, டிரைவர் இல்லாமல் தானே ஓடும் டாக்சி அடுத்து எந்த நகருக்கு வரும்? அமெரிக்காவின் வேமோ நிறுவனம் 2020-இல் ஃபீனிக்ஸிலும், 2024-இல் சான் பிரான்சிஸ்கோ, லாஸ் ஏஞ்சல்ஸிலும், 2025-இல் ஆஸ்டின், அட்லாண்டாவிலும் இவற்றைப் பொதுமக்களுக்கு விட்டது. யாவும் கடும்பனி அரிதான ஊர்கள். பனி மூடினால் சாலைக் கோடுகள் இயந்திரக் கண்ணுக்குப் புலப்படா. ஆகவே அடுத்ததும் வெயில் நகரமே என்று கணிக்கின்றோம்.

வெயில் மட்டும் போதுமா? 2023 அக்டோபரில் சான் பிரான்சிஸ்கோவில், வேறொரு கார் மோதி விழுந்த பெண்ணைக் குரூஸ் நிறுவனத்தின் ஆளில்லா டாக்சி இழுத்துச் சென்றது. கலிபோர்னியா அரசு அனுமதியை நிறுத்திவைத்தது. நடந்ததை முழுமையாகச் சொல்லாததையும் குற்றமாகக் கண்டது. 2024-இல் அச்சேவை கைவிடப்பட்டது.

உண்மை பேசும் நிறுவனத்துக்கே நகரங்கள் கதவு திறக்கவேண்டும் என்பது எங்கள் துணிபு.