பேய் தெரிந்தது யார் முகத்தில்?

தோழிகளே, 'காதலிக்க நேரமில்லை' (1964) படத்தில் நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சியை டி.வி.யில் எத்தனை தடவை பார்த்திருப்பீங்க! எல்லாரும் நாகேஷைத்தான் புகழ்றாங்க. பாதி மார்க் டி.எஸ்.பாலையாவுக்குத்தான் என்பது என் கட்சி. கதை சொல்றது நாகேஷ். ஆனா நமக்குப் பேய் தெரிவது பாலையா முகத்தில். அவர் சும்மா உட்கார்ந்திருந்தா யார் சிரிச்சிருப்பாங்க? தாம்பரம் பக்கம் கொட்டாயில் மண் தரையில் உட்கார்ந்து பார்த்த எங்க ஆயாவும் இதையேதான் சொல்லுது.

1936-ல் 'சதிலீலாவதி'யில் வில்லனா வந்தவர் பாலையா. எம்.ஜி.ஆருக்கும் அதுதான் முதல் படம். 'திருவிளையாடல்' (1965) படத்தில் ஹேமநாத பாகவதர். என்ன கர்வம், என்ன மிரட்டல்! ராத்திரியில் விறகுவெட்டி பாட்டு காதில் விழுந்ததும் அத்தனையும் முகத்தில் கரையுது பாருங்க. அங்கேயும் அவர் கேட்கிறவர்தான். 'தில்லானா மோகனாம்பாள்' (1968) படத்தில் நாதஸ்வரத்துக்குப் பக்கத்தில் தவில்.

நம்ம ஆண்டு விழா நாடகத்தில் ராணி வேஷத்துக்கு எட்டு பேர் சண்டை. தோழி வேஷம்னா அழுகை. வசனம் இல்லாதவங்க மேடையில் நின்னு கூட்டத்தில் அம்மாவைத் தேடுறாங்க!

டீச்சர், இந்த வருஷம் அந்தத் தோழி வேஷம் எனக்கு வேணும். ராணி அழும்போது என் முகத்தையும் கொஞ்சம் பாருங்க.

– ஒன்பதாம் வகுப்பு 'ஆ' பிரிவு மாணவி