பக்டரி வாசலிலிருந்து: கானுக்குள் ஊற்றிய எண்ணெய்



சென்ற மாதம் ஒரு சனிக்கிழமை. இரவு வேலை முடித்து வந்து படுத்திருந்தேன். பத்து மணியளவில் யன்னலைத் திறந்தால், கீழே கார் நிறுத்துமிடத்தில் எங்கள் தம்பி ஒருவர் தன் காருக்குக் கீழே படுத்திருக்கிறார். பக்கத்தில் ஒரு பழைய பேசின். அது நிறையக் கறுத்த எஞ்சின் ஓயில். இரண்டடி தள்ளி இரும்பு மூடி போட்ட மழைக்கான். அடுத்து என்ன நடக்கப் போகிறது என்பது எனக்கு நன்றாகத் தெரியும். கட்டியிருந்த சாரத்தோடேயே படியிறங்கி ஓடினேன்.

"தம்பி, அதுக்குள்ளை ஊத்திப் போடாதையும்!"

அவர் 2022இல் நாட்டில் ஏற்பட்ட பொருளாதார நெருக்கடிக்குப் பிறகு குடும்பத்தோடு வந்தவர். என்னை எரிச்சலோடு பார்த்தார். "ஏன் அண்ணை, கான் தானே? ஊத்தினால் போகுது. ஆருக்கு என்ன நட்டம்?"

பத்து வருடத்துக்கு முன்பு நானும் இதையே தான் நினைத்தேன். அன்று அந்தத் தம்பிக்குச் சொன்ன கதையை இம்முறை உங்களுக்கும் சொல்கிறேன். பெருமைப்படக்கூடிய கதையல்ல. ஆனாலும் புதிதாக வந்திருக்கும் குடும்பங்களுக்கு இது பிரயோசனப்படும் என்பதால் எழுதுகிறேன்.

2015ஆம் ஆண்டு. நான் ஜேர்மனிக்கு வந்து ஐந்து வருடம். றைன் நதிக்குப் பக்கத்து நகரமொன்றில், இரும்புச் சாமான் செய்யும் பக்டரியில் வேலை கிடைத்திருந்தது. சேர்த்த காசில் ஒரு பழைய கார் வாங்கினேன். கராஜில் ஓயில் மாற்றக் கேட்ட காசு எங்கள் வீட்டு ஒரு கிழமைச் சாப்பாட்டுச் செலவு. நண்பர் ஒருவரோடு சேர்ந்து நானே மாற்றினேன். பழைய ஓயில் நாலு லீற்றருக்கு மேல் இருந்தது. இருட்டினபின் அதை மழைக்கானுக்குள் ஊற்றிவிட்டு, மேலே ஒரு வாளி தண்ணீரும் அடித்துவிட்டு வந்து படுத்தேன்.

மறுநாள் மத்தியானம் தீயணைப்புப் படையின் வாகனங்கள் வந்தன, பின்னால் பொலிஸ் கார். எங்கள் வீட்டுத்தொகுதிக்குப் பின்னால் ஒரு சின்ன ஓடை இருக்கிறது. அதிலே தாராக்கள் நீந்தும். அந்த ஓடை போய் றைனில் விழுகிறது. அதன் மேலே வானவில் நிறத்தில் எண்ணெய் படர்ந்திருக்கிறதாம். எண்ணெயை உறிஞ்சும் நீண்ட உருளைகளை ஓடைக்குக் குறுக்கே போட்டார்கள். நான் திரைச்சீலைக்குப் பின்னால் நின்று பார்த்துக் கொண்டிருந்தேன். மனிசி பிள்ளையைத் தூக்கி வைத்துக் கொண்டு என் முகத்தைப் பார்த்தா. ஒன்றும் கேட்கவில்லை. என் கை நகத்துக்குள் அந்தக் கறுப்பு இன்னும் போகவில்லை.

போய்ச் சொல்லப் பயம். பொலிஸ் என்றால் எங்களுக்கு என்னென்ன ஞாபகம் வரும் என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. விசாவைப் பறித்துவிடுவார்களோ, திருப்பி அனுப்பிவிடுவார்களோ என்று அன்றிரவு முழுக்க நித்திரை இல்லை.

அடுத்த நாள் வேலையில் ஓய்வு நேரத்தில், எங்கள் பகுதியில் இருந்த வயதான ஜேர்மன்காரர் ஒருவரிடம் இந்த ஓடைச் சங்கதியை, யாரோ செய்தது போலச் சொன்னேன். அவர் ஓய்வு பெற இன்னும் சில மாதங்களே இருந்தன. தூண்டில் போடுவதில் பிரியம் உள்ளவர். கோப்பிக் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு, 1986இல் தான் கண்ணால் கண்டதைச் சொல்லத் தொடங்கினார். அப்போது அவர் தெற்கே, மேல்றைன் கரையில் வசித்தவர்.

1986 நவம்பர் 1ஆம் திகதி, நள்ளிரவு கழிந்த நேரம். சுவிஸில் பாசல் நகருக்குப் பக்கத்தில் சுவைற்சர்ஹால என்ற இடத்தில் சண்டோஸ் என்ற இரசாயனக் கம்பனியின் களஞ்சியம் ஒன்று தீப்பற்றியது. உள்ளே ஏறத்தாழ 1350 தொன் இரசாயனப் பொருட்கள், பெரும்பாலும் பூச்சிகொல்லிகள். தீயணைப்புப் படை தண்ணீரை அடித்தது. அந்தத் தண்ணீரைத் தடுத்து நிறுத்தத் தொட்டி எதுவும் அங்கே இல்லை. நஞ்சையும் அள்ளிக் கொண்டு அது நேரே றைனில் போய் விழுந்தது. உள்ளே சாயப் பொருளும் இருந்ததால் நதி சிவப்பாக ஓடியது. ஏறத்தாழ 400 கிலோமீற்றர் தூரத்துக்கு விலாங்கு மீன்கள் செத்தன. ஒன்றரை இலட்சம் என்று கணக்குச் சொல்கிறார்கள். நதியோரக் குடிநீர் நிலையங்கள் தண்ணீர் எடுப்பதை நிறுத்தின.

"வாளி வாளியாக அள்ளினோம். விலாங்கு இலேசில் சாகாத மீன். அதுவே செத்துக் கிடந்தது," என்றார் அந்த மனிதர். பிறகு கொஞ்ச நேரம் பேசவில்லை.

அதற்குப் பிறகு நடந்ததையும் அவர் தான் சொன்னார். நதி ஓடும் நாடுகள் எல்லாம் 1987இல் கூடி ஒரு திட்டம் போட்டன. அதற்கு அவர்கள் எடுத்த அளவுகோல் ஒரு மீன். கடையிலே லக்ஸ் என்று விற்கிறார்களே, அந்தச் சமன் மீன். அது ஆற்றிலே பிறந்து, கடலுக்குப் போய் வளர்ந்து, முட்டையிடத் தான் பிறந்த ஆற்றுக்கே திரும்பி வரும். அந்தத் தண்ணீரின் மணத்தைப் பிடித்துக் கொண்டு வருமாம். ஒரு காலத்தில் றைனில் நிறைந்திருந்த இந்த மீன் 1950களில் இல்லாமலே போய்விட்டது. 2000ஆம் ஆண்டுக்குள் சமன் மீனைத் திரும்ப வரப் பண்ணுவது என்று தீர்மானித்தார்கள். தொழிற்சாலைகள் தங்கள் கழிவு நீரைச் சுத்தம் செய்ய வேண்டியதாயிற்று. தீயணைக்கும் தண்ணீரைப் பிடித்து வைக்கத் தொட்டிகள் கட்டினார்கள். அணைக்கட்டுகளில் மீன் ஏறுவதற்குப் படி போல வழி அமைத்தார்கள். 2000இல் இவ்ற்சைம் அணையிலும், 2006இல் கம்ஸைம் அணையிலும் அந்த வழிகள் திறந்தன.

"இவ்வளவும் செய்த நதிக்குள் ஒருவன் ஓயில் ஊற்றுகிறான்," என்று முடித்தார். எனக்குத் தொண்டைக்குள் பாண் இறங்கவில்லை.

அன்று பின்னேரம் ஊருக்கு ரெலிபோன் எடுத்தேன். அம்மா சுகம் விசாரித்துவிட்டு வழமையான கதையைத் தொடங்கினா. "தம்பி, சுன்னாகப் பக்கத்துக் கிணறுகளிலை எண்ணெய் கலந்து போச்செண்டு சனம் ஒரே அந்தரம். பவுசரிலை தண்ணி கொண்டு வந்து குடுக்கினம். எங்கடை கிணத்திலும் அள்ளுறதுக்கு முதல் மணந்து பாக்கிறன்."

யாழ்ப்பாணத்தில் பெரிய ஆறு எதுவும் இல்லை. வழுக்கியாறு மழைக்கு மட்டும் ஓடும். எங்களுக்கு நதியென்றால் அது நிலத்துக்குக் கீழே தான். மாரி மழை சுண்ணாம்புக்கல்லுக்குள் இறங்கி நின்று, வருடம் முழுக்கக் கிணறுகளுக்கு ஊறும். ஒரு இடத்தில் விட்ட எண்ணெய் அந்தக் கல்லின் வெடிப்புகளுக்குள்ளால் அடுத்த வளவுக்கும் அடுத்த ஊருக்கும் போகும். சுன்னாக விடயம் பின்பு நீதிமன்றம் வரை போய், 2019 ஏப்ரலில் இலங்கை உயர் நீதிமன்றம் பாதிக்கப்பட்டவர்களுக்கு இரண்டு கோடி ரூபா நட்டஈடு கொடுக்கத் தீர்ப்பளித்தது. ஆனால் 2015இல் அம்மா ரெலிபோனில் சொன்ன போது எனக்கு அதெல்லாம் தெரியாது. அங்கே எண்ணெய் விட்டவர்களை நான் வாய்க்கு வந்தபடி திட்டியிருக்கிறேன். அவர்களுக்கும் எனக்கும் என்ன வித்தியாசம்? அவர்கள் விட்டது கூட. நான் விட்டது நாலு லீற்றர்.

அப்போதும் நான் உடனே போய் ஒப்புக் கொண்டேன் என்று நினைக்காதீர்கள். மூன்று நாள் போயிற்று. படிக்கட்டில் ஹவுஸ்மைஸ்ரர் ஒரு அறிவித்தல் ஒட்டியிருந்தார். மூன்றாம் மாடியில் ஒரு துருக்கிக் குடும்பம். அந்த மனிதர் சனி ஞாயிறில் கார் திருத்துகிறவர். எல்லோரும் அவரைத் தான் சந்தேகித்தார்கள். அவருடைய மகளிடம் பள்ளிக்கூடத்திலேயே கேட்டுவிட்டார்கள் என்று மனிசி வந்து சொன்னா. சொல்லிவிட்டு, "இனியும் பேசாமல் இருக்கப் போறியளோ?" என்று ஒரே ஒரு கேள்வி தான் கேட்டா.

மொழி தெரிந்த நண்பர் ஒருவரைக் கூட்டிக் கொண்டு ஹவுஸ்மைஸ்ரரிடமும் பிறகு பொலிசிடமும் போனேன். எழுதி எடுத்தார்கள். தண்டப்பணமும் துப்புரவு செய்த செலவுமாகச் சேர்த்து எட்டு மாதம் தவணையில் கட்டினேன். விசா போகவில்லை. எல்லோருக்கும் இப்படித்தான் முடியும் என்று நான் பொறுப்பு நிற்க மாட்டேன். தண்ணீரைக் கெடுப்பது இந்த நாட்டில் குற்றவியல் சட்டத்துக்குள் வருகிற குற்றம். துருக்கிக்காரர் வீட்டுக்கும் போய் மன்னிப்புக் கேட்டேன். அவர் தேத்தண்ணி ஊற்றித் தந்துவிட்டு, "அடுத்த முறை ஓயில் மாற்றுவதென்றால் என்னிடம் வா," என்றார்.

இனி, புதிதாக வந்தவர்கள் கவனிக்க வேண்டியவை.

வீட்டுக் குழாயில் போகும் அழுக்குத் தண்ணீர் சுத்திகரிப்பு நிலையத்துக்குப் போகும். ஆனால் பல இடங்களில் தெருவோர மழைக்கான் எந்தச் சுத்திகரிப்பும் இல்லாமல் நேரே ஆற்றுக்குப் போகும். ஒரு லீற்றர் ஓயில் பத்து இலட்சம் லீற்றர் தண்ணீரைக் கெடுக்கப் போதும் என்று இங்கே சொல்வார்கள். றைன் தண்ணீரை நம்பிக் குடிப்பவர்கள் மூன்று கோடிப் பேர். அவர்களில் நாங்களும் பிள்ளைகளும் அடக்கம்.

எஞ்சின் ஓயில் வாங்கும் போது பற்றுச்சீட்டை எறியாதீர்கள். விற்ற அளவு பழைய ஓயிலைக் காசில்லாமல் திருப்பி எடுக்க வேண்டியது ஜேர்மனியில் கடைக்காரரின் கடமை. வடை பொரித்த எண்ணெயை சிங்கில் ஊற்றாதீர்கள். குழாய் அடைக்கும், எலியும் வரும். ஆறவிட்டுப் போத்தலில் அடைத்துக் குப்பையில் போடுங்கள், அல்லது சேகரிக்கும் இடத்தில் கொடுங்கள். மிஞ்சிய மருந்தைக் கக்கூசில் போடவே கூடாது. நாரி நோவுக்குப் பூசும் டிக்ளோஃபெனாக் களிம்பு சுத்திகரிப்பு நிலையத்தில் முழுதாகப் போகாது. பூசிய கையைக் கழுவ முதல் கடதாசியால் துடைத்து, கடதாசியைக் குப்பையில் போடுங்கள். பக்டரியில் நின்று வேலை செய்யும் எங்களில் அதைப் பூசாதவர் யார்?

நதியின் கதை இன்னும் முடியவில்லை. சமன் மீன் றைனுக்குத் திரும்பி வந்தது உண்மை. 2008இல் பாசலில் ஒருவரின் தூண்டிலில் ஒன்று அகப்பட்டது. ஆனாலும் மேல்றைனில் சில அணைகள் இன்னும் வழி மறித்து நிற்கின்றன. குஞ்சு விட்டு வளர்க்காமல் தானாகப் பெருகும் நிலை இன்னும் வரவில்லை. 2040க்குள் வழிகளைத் திறப்பதென்று 2020இல் புதிய திட்டம் போட்டிருக்கிறார்கள். நஞ்சு ஒரு இரவில் இறங்கியது. அதற்குப் பரிகாரம் செய்ய ஒரு தலைமுறையும் போதவில்லை.

அன்று கீழே ஓடிய போது அந்தத் தம்பி ஒரு மணித்தியாலம் என் கதையைக் கேட்டார். பிறகு இருவருமாக ஓயிலைப் பழைய கான் ஒன்றில் ஊற்றி... பொறுங்கள், தெருக்கான் அல்ல, மூடி போட்ட பிளாஸ்ரிக் கான்! அதைக் கடையில் கொண்டு போய்க் கொடுத்துவிட்டு வந்தோம். கடைக்காரர் பற்றுச்சீட்டைப் பார்த்துவிட்டு ஒரு வார்த்தையும் பேசாமல் வாங்கி வைத்தார். அரை மணித்தியால வேலை.

ஓடையில் இப்போதும் தாராக்கள் நிற்கின்றன. என் மகளுக்குப் பதினொரு வயது. அவள் அங்கே பாண் போடப் போகும் போது, பாண் அவைகளுக்குக் கூடாது என்று பள்ளிக்கூடத்தில் சொன்னார்களாம், இப்போது சும்மா பார்க்கத் தான் போகிறாள். அவள் பிறந்த தண்ணீர் இது. எங்கே போனாலும் இந்த மணம் தான் அவளுக்குத் தெரியும். அதில் எண்ணெய் மணக்கக் கூடாது.

அடுத்த இதழில் சந்திப்போம்.