கோர்ட் உத்தரவு வெறும் காகிதமா?

'கோர்ட் அவமதிப்பு' என்றால் நீதிபதியைத் திட்டுவது, கோர்ட்டில் கூச்சல் போடுவது என்றுதான் நானும் நினைத்திருந்தேன். கோர்ட் போட்ட உத்தரவை வேண்டுமென்றே மீறுவதும் அவமதிப்புதான் என்று என் தங்கை விஷயத்தில்தான் தெரிந்துகொண்டேன். 1971-ம் வருடச் சட்டத்திலேயே இது இருக்கிறது. ஆறு மாதம் வரை ஜெயில், 2,000 ரூபாய் வரை அபராதம்!

தங்கைக்கும் அவள் மகளுக்கும் மாதம் 8,000 ரூபாய் ஜீவனாம்சம் தரச் சொல்லி குடும்ப நீதிமன்றம் உத்தரவிட்டது. அவள் கணவர் மூன்று மாதம் கொடுத்தார், பிறகு நிறுத்திவிட்டார். கேட்டால், "கையில காசு இல்ல, உன்னால ஆனதைப் பார்த்துக்கோ" என்று பதில். அந்த மாதம்தான் புது பைக் வாங்கியிருந்தார்!

"விடும்மா, ஆம்பளைகிட்ட மல்லுக்கட்டி ஆகுமா?" என்று வீட்டுப் பெரியவர்களே சொன்னார்கள். அவளும் அலுத்துப்போய் சும்மா இருந்துவிட்டாள். ரொம்ப நாள் கழித்து வக்கீலைப் பார்த்தபோது, "ஏம்மா இவ்வளவு நாள் விட்டீங்க?" என்று கடிந்துகொண்டார். பாக்கி விழுந்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் மனு போட்டால்தான் வாரண்ட் வாங்கி வசூலிக்க முடியுமாம். பழைய ஐந்து மாதப் பணம், 40,000 ரூபாயை அந்த வழியில் கேட்க முடியாமல் போனது. அது குழந்தையின் ஸ்கூல் ஃபீஸ்!

மீதிப் பாக்கிக்கு இப்போது மனு போட்டிருக்கிறாள். பணம் கட்டாவிட்டால் ஒவ்வொரு மாதப் பாக்கிக்கும் ஒரு மாதம் வரை ஜெயில் உண்டு. ஜெயிலுக்குப் போய் வந்தாலும் பாக்கி தீர்ந்துவிடாது என்று சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கிறது. வேண்டுமென்றே ஏமாற்றுகிறவர் மீது அவமதிப்பு வழக்கும் போடலாம் என்று 2020-ல் வந்த தீர்ப்பு சொல்கிறது. அவமதிப்பு வழக்குக்கும் ஒரு வருடக் கெடுதான்.

சட்டம் நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அலைவது யார்? தையல் மிஷினை மூடி வைத்துவிட்டு, வாய்தாவுக்கு வாய்தா பஸ் ஏறுவது என் தங்கைதானே! கரண்ட் பில் கட்டாவிட்டால் யாரும் மனு போடாமலே ஆள் வந்து ஃபியூஸைப் பிடுங்கிவிடுகிறார். கோர்ட் உத்தரவுக்கு அந்த மரியாதைகூட வேண்டாமா? பணத்தைக் கோர்ட் வழியாகவே கட்டச் சொல்லி, ஒரு மாதம் தவறினால் கோர்ட்டே அவரைக் கூப்பிட்டுக் கேட்க வேண்டும். மீறப்படுவது கோர்ட்டின் உத்தரவுதானே?

அதுவரை நாம்தான் உஷாராக இருக்க வேண்டும், சகோதரிகளே. உத்தரவு நகலைப் பத்திரமாக வையுங்கள். பணம் வந்த தேதியையும் வராத மாதத்தையும் ஒரு நோட்டில் எழுதுங்கள். 'பாவம், போகட்டும்' என்று ஒரு வருடத்தைக் கடத்திவிடாதீர்கள். நாம் கேட்பது பிச்சையல்ல, கோர்ட் எழுதிக் கொடுத்த உரிமை!

- ஒரு வாசகி, திருச்சி.